ஜூடி ஆன் சாண்டோஸ்: மாராவாக அழுத சிறுமி முதல் கெய்ரோ விருது வரை — அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பிலிப்பைன்ஸ் தொடர்களைப் புதிதாகப் பார்க்கத் தொடங்குகிறவர்கள் கொஞ்ச நாளிலேயே ஒரு பெயரில் வந்து நிற்பார்கள். குழந்தையாக நடித்த பழைய காட்சி ஒன்று கண்ணில் படும். அப்புறம் அதே முகம் ஒரு சமையல் வீடியோவில் சிரித்துக்கொண்டு நிற்கும். இன்னொரு நாள் ஒரு திரைப்பட விழாச் செய்தியில் வரும். இந்த மூன்றும் ஒரே ஆள்தானா என்று கேட்பவர்களுக்காகவே இந்தப் பக்கம். எனக்கு மிகவும் பிடித்த நடிகை என்பதால் சில பதில்கள் நீண்டுவிட்டன.

யார் இந்த ஜூடி ஆன் சாண்டோஸ்?

1978 மே 11 அன்று மணிலாவில் பிறந்தவர். ரசிகர்கள் 'ஜூடாய்' என்று செல்லமாகக் கூப்பிடுவார்கள். பிலிப்பைன்ஸ் பத்திரிகைகள் அவரை 'தொடர்களின் ராணி' என்று எழுதும். ராணிப் பட்டங்களைத் தாராளமாக அள்ளிக் கொடுக்கிற ஊர் அது. ஆனாலும் இவருக்குக் கொடுத்ததைப் பற்றி யாரும் சண்டை போட்டதில்லை. அண்ணன் ஜெஃப்ரி சாண்டோஸும் நடிகர்தான்.

எந்த வயதில் நடிக்க வந்தார்?

எட்டு வயது வாக்கில். 1986-இல் வந்த 'காமிங் மங்கா உலிலா' தொடரில் முதலில் தலைகாட்டினார். 1988-இல் 'உலா, ஆங் பாதாங் குபாத்' வந்தது. காட்டில் வளரும் ஒரு சிறுமியின் கதை அது. உலா என்ற அந்தச் சிறுமி இவர்தான். பத்து வயதில் ஒரு தொடரின் பெயரே தன் கதாபாத்திரத்தின் பெயராக இருப்பது சின்ன விஷயமில்லை.

வீட்டு நிலைமையும் இதில் கலந்திருக்கிறது. அம்மா வேலைக்காகக் கனடா போனார். குடும்பத்தை விட்டு வெளிநாடு போய்ச் சம்பாதித்து அனுப்பும் தாய்மார்கள் பிலிப்பைன்ஸில் லட்சக்கணக்கில் உண்டு, அந்த அம்மாவும் அவர்களில் ஒருவர். பிள்ளைகளை வளர்த்ததில் வீட்டோடு இருந்த ஆயாவுக்குப் பெரிய பங்கு. ஜூடி ஆன் இதை மறைத்ததே இல்லை, வளர்த்தவரையும் தாயாகவே பேசுவார். சின்ன வயதிலேயே வீட்டுக்குச் சம்பாதித்துக் கொடுக்கும் பிள்ளையாக அவர் ஆனதற்கு இந்தப் பின்னணியும் ஒரு காரணம்.

'மாரா கிளாரா' என்று சொன்னாலே ஏன் இவ்வளவு உருகுகிறார்கள்? கதை என்ன?

1992 ஆகஸ்டில் ஏபிஎஸ்-சிபிஎன் தொலைக்காட்சியில் தொடங்கி 1997 பிப்ரவரி வரை ஓடிய தொடர் அது. நாலரை வருஷம். தொடங்கும்போது ஜூடி ஆனுக்கு 14 வயது, முடியும்போது 18. ஒரு பெண் குழந்தைப் பருவத்திலிருந்து பெரியவளாக ஆவதை ஒரு நாடே வார நாட்களில் தினமும் பார்த்திருக்கிறது.

கதை இதுதான். ஒரே நேரத்தில் பிறந்த இரண்டு பெண் குழந்தைகளை மாற்றி வைத்துவிடுகிறார்கள். பணக்கார வீட்டுப் பிள்ளை மாரா, ஏழை வீட்டில் வளர்கிறாள். ஏழை வீட்டுப் பிள்ளை கிளாரா, மாளிகையில் வளர்கிறாள். மாராவை வளர்க்கும் அப்பன் கேரி. குழந்தைகள் மாறிய உண்மை ஒரு டைரியில் எழுதப்பட்டிருக்கிறது. அந்த டைரி யார் கையில் கிடைக்கும் என்பதுதான் கதையின் அச்சாணி. கைக்கு எட்டும், தவறிப்போகும், யாரோ எடுத்துப் பிரிக்கப் போகும் நேரத்தில் அன்றைய பகுதி முடிந்துவிடும். ஒரு நோட்டுப் புத்தகத்தை வைத்து வருஷக்கணக்கில் ஜனங்களைக் கட்டிப்போட்டார்கள்.

குழந்தை மாறிப்போகிற கதை எந்த ஊருக்கும் புதிதில்லை. இங்கே வேலை செய்தது ஜூடி ஆனின் அழுகை. அவர் முகத்தைக் கோணிக்கொண்டு அழமாட்டார். கண் முதலில் நிறையும், வாயை இறுக்கிக்கொண்டு பேச முயல்வார், பாதி வாக்கியத்தில் குரல் உடையும். அடக்கப் பார்த்து முடியாமல் போகிற அழுகை அது. பதினான்கு வயதில் அது அவருக்குக் கைவந்திருந்தது. நாற்பது வயதில் அதே திறமையை எப்படிப் பயன்படுத்தினார் என்பதைக் கீழே 'மிண்டனாவ்' பற்றிய பதிலில் சொல்கிறேன்.

கிளாராவாக வந்து அறைந்த பெண் நிஜத்தில் எப்படி?

அவர் கிளாடிஸ் ரெயஸ். இவரும் ஜூடி ஆன் வயதுக்காரர்தான். மாராவை அவர் அறையும் காட்சிகள் இன்றைக்கும் துண்டு துண்டாகப் பரவிக்கொண்டிருக்கின்றன. கடைத்தெருவுக்குப் போனால் ஜனங்கள் திட்டும் அளவுக்கு வில்லி வேஷம் ஒட்டிக்கொண்டது. நிஜத்தில் இருவரும் நெருங்கிய தோழிகள், முப்பது வருஷம் கடந்தும் அப்படியே. அந்தத் தொடரைப் பற்றிப் பேசும்போது ஜூடி ஆனை மட்டும் புகழ்வது நியாயமில்லை. அடி வாங்குகிறவர் மேல் இரக்கம் வர வேண்டுமானால் அடிக்கிறவர் சரியாக அடிக்கத் தெரிந்திருக்க வேண்டும்.

அந்த வயதில் இரவும் பகலும் வேலை வாங்கலாமா? சட்டம் எதுவும் இல்லையா?

இன்று விரிவான சட்டம் இருக்கிறது. மாரா கிளாரா ஓடிய காலத்தில் இந்த அளவுக்கு இல்லை. குழந்தைகள் பாதுகாப்புச் சட்டம் 1992-இல்தான் வந்தது. வேலை நேரம், வருமானம் எல்லாவற்றையும் கணக்காக வரையறுத்தது 2003-இல் வந்த குடியரசுச் சட்டம் 9231. அப்போது ஜூடி ஆனுக்கு 25 வயது.

அந்தச் சட்டத்தின்படி, 15 வயதுக்குக் கீழே உள்ள பிள்ளை ஒரு நாளைக்கு 4 மணி நேரத்துக்கு மேல், வாரத்துக்கு 20 மணி நேரத்துக்கு மேல் வேலை செய்யக் கூடாது. இரவு 8 மணியிலிருந்து காலை 6 மணி வரை கூடவே கூடாது. 15 முதல் 18 வயதுக்குள் என்றால் நாளைக்கு 8 மணி, வாரத்துக்கு 40 மணி, இரவு 10 மணிக்கு மேல் தடை. படப்பிடிப்புக்கு முன்னால் தொழிலாளர் துறையில் அனுமதி வாங்க வேண்டும், படிப்பு கெடக் கூடாது.

பணத்தைப் பற்றியும் சொல்கிறது. பிள்ளை சம்பாதிப்பது பிள்ளைக்குத்தான். குடும்பத்தின் பொதுச் செலவுக்கு அதில் 20 சதவீதத்துக்கு மேல் எடுக்கக் கூடாது. வருஷத்துக்கு 2 லட்சம் பெசோவுக்குக் குறையாமல் சம்பாதிக்கும் குழந்தையின் பெயரில், வருமானத்தில் 30 சதவீதமாவது அறக்கட்டளை நிதியாகப் போட்டு வைக்க வேண்டும். பிள்ளை மேஜர் ஆனதும் அது அவர் கைக்கு வரும்.

குழந்தை நட்சத்திரங்களைக் கொண்டாடும்போது இந்தச் சட்டத்தையும் சேர்த்துப் பேச வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். பிலிப்பைன்ஸ் தொடர்கள் வாரத்தில் ஐந்து நாள் ஒளிபரப்பாகும். ஒளிபரப்புக்கு ஒட்டியே படப்பிடிப்பு ஓடும்போது நேரம் விடிய விடிய இழுப்பது அங்கே பெரியவர்களுக்கே பெரிய புகார். அதற்குள் ஒரு பதினான்கு வயதுப் பெண்ணை விடுவதற்கு எல்லை வேண்டும்.

மாரா முடிந்த பிறகு என்ன செய்தார்?

ஓய்வெடுக்கவில்லை. உடனே 'எஸ்பெரான்சா', 1997 முதல் 1999 வரை. மறுபடி பிரிந்த குடும்பம், மறுபடி தேடல், மறுபடி கண்ணீர். இரண்டுக்கும் திரைப்பட வடிவமும் வந்தது. 1999-இல் ஃபெர்னாண்டோ போ ஜூனியரின் மகளாக ஒரு படத்தில் நடித்தார். பிலிப்பைன்ஸ் சினிமாவின் உச்ச நாயகன், பிற்பாடு 2004-இல் ஜனாதிபதி தேர்தலில் நின்றவர். அவர் பக்கத்தில் மகளாக நிற்பதென்றால் தொழிலில் ஒரு இடம் கிடைத்துவிட்டது என்று பொருள்.

குழந்தை முகத்தை விட்டுப் பெரியவராக எப்படி மாறினார்? பலருக்கு அது முடிவதில்லையே?

அவசரப்படவில்லை என்பதுதான் என் பதில். குழந்தை நட்சத்திரமாக இருந்தவர்கள் பலர், நான் வளர்ந்துவிட்டேன் என்று காட்டுவதற்காக ஒரே படத்தில் எல்லாவற்றையும் உடைத்துப் போடப் பார்ப்பார்கள். ஜூடி ஆன் அப்படி ஒரு படம் கொடுத்து அதிர வைக்கவில்லை. அவர் வயதோடு வேஷமும் ஒவ்வொரு படியாக ஏறியது. மகள், காதலி, வேலை பார்க்கும் பெண், மனைவி, தாய். ரசிகர்களும் அவர்கூடவே வயதானார்கள். மாராவோடு பள்ளிக்கூடம் போன பெண்களுக்குக் கல்யாணமாகி மாமியார் சண்டை தொடங்கியிருந்த நேரத்தில் அவர் மாமியார் சண்டைப் படத்தில் நடித்தார்.

இடையில் காதல் படங்கள். பிலிப்பைன்ஸில் 'லவ் டீம்' என்று ஒரு வழக்கம் உண்டு. ஒரு நடிகரையும் நடிகையையும் ஜோடியாக்கி, வருஷக்கணக்கில் சேர்த்தே படம் எடுப்பார்கள். ரசிகர் மன்றமும் ஜோடிக்கே இருக்கும். இவருக்கு முதலில் வோவி டி குஸ்மான். பிறகு பியோலோ பாஸ்குவால், அவரோடு 2001 முதல் 2003 வரை ஒரு தொடர், கூடவே சில படங்கள். ஜோடி உடைந்தால் இருவரில் ஒருவர் காணாமல் போவது அந்த வழக்கத்தின் ஆபத்து. இவர் ஜோடி மாறி மாறி வந்தும் நிலைத்தார். காரணம், ரசிகர்கள் இவருடைய நடிப்புக்காகவும் வந்தார்கள்.

2004-இல் ஜோயல் லமாங்கன் இயக்கிய 'சபேல்' வந்தபோது பாதை இன்னும் தெளிவானது. கண்ணீர்த் தொடர் நாயகி என்ற வட்டத்துக்குள் அடங்காத, முரண்கள் நிறைந்த பெண் வேஷம்.

கணவர் ரயன் அகோன்சிலோவை எப்படிச் சந்தித்தார்?

'க்ரிஸ்டாலா' என்ற சூப்பர் ஹீரோ தொடரில். 2004 கடைசியில் தொடங்கி 2005-இல் முடிந்தது. இவர் சக்தி படைத்த நாயகி. ரயன் அப்போது நிகழ்ச்சித் தொகுப்பாளராகத் தெரிந்த முகம். பிற்பாடு 'ஈட் புலாகா' என்ற மதிய நிகழ்ச்சியில் பல வருஷம் இருந்தவர்.

இருவரையும் ஜோடியாக ஜனங்கள் ஏற்றுக்கொண்டது 2006-இல் வந்த 'கசல், கசாலி, கசாலோ' படத்தில். ஜோஸ் ஹாவியர் ரெயஸ் இயக்கியது. ஆஞ்சி, ஜெட் இருவரும் காதலித்து அவசரமாகக் கல்யாணம் செய்துகொள்கிறார்கள். கல்யாணம் இரண்டு பேருக்கு நடந்தாலும் குடித்தனத்தில் இரண்டு குடும்பமும் வந்து உட்கார்ந்துகொள்கிறது. ஆஞ்சியின் அம்மாவாக ஜினா பரேனோ, மனதில் பட்டதை உரக்கச் சொல்லும் சாதாரண வீட்டுப் பெண். ஜெட்டின் அம்மாவாக குளோரியா டயஸ், பணக்கார வீட்டு மிடுக்கு. இரு சம்பந்திகளும் ஒரே அறையில் இருக்கும் காட்சிகளில் ஜூடி ஆனைக் கவனியுங்கள். ஒரு பக்கம் சிரித்துச் சமாளித்துக்கொண்டே மறுபக்கம் கொதிப்பார். அழவைக்கத் தெரிந்தவருக்குச் சிரிக்கவைக்கவும் தெரியும் என்று ஊருக்குக் காட்டிய படம் இது. மெட்ரோ மணிலா திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருதும் கொடுத்தார்கள். அடுத்த வருஷமே இரண்டாம் பாகம் வந்தது.

பிலிப்பைன்ஸில் முஸ்லிம்களைத் தவிர மற்றவர்களுக்கு விவாகரத்துச் சட்டம் கிடையாது. அதை மனதில் வைத்துக்கொண்டு பார்த்தால், இந்த நகைச்சுவைப் படத்தில் கணவனும் மனைவியும் போடும் சண்டைக்கு வேறொரு கனம் கிடைக்கும்.

திருமணம் ரகசியமாக நடந்ததா?

ஆமாம். 2009 ஏப்ரல் 28, பாத்தாங்கஸ் மாகாணத்தில் உள்ள சான் ஹுவான் ஊரில். பத்திரிகைகளுக்கு முன்கூட்டித் தெரியவில்லை. எட்டு வயதிலிருந்து கேமராவுக்கு முன்னால் வாழ்ந்தவர் கல்யாணத்தைக் கேமரா இல்லாமல் செய்துகொள்ள ஆசைப்பட்டதில் எனக்கு ஆச்சரியம் இல்லை.

குழந்தைகள்?

மூன்று பேர். மூத்தவள் தத்தெடுத்த மகள். ஜூடி ஆன் திருமணத்துக்கு முன்பே, தனி ஆளாக இருந்த காலத்தில், அவளை மகளாக்கிக்கொண்டார். அப்போது அவர் இருபதுகளில் இருந்த முன்னணி கதாநாயகி. காதல் ஜோடிப் படங்களை வைத்துப் பிழைக்கும் தொழிலில் அது துணிச்சலான முடிவு. தத்தெடுத்த விஷயத்தை மகளிடமும் மறைக்கவில்லை, ஊரிடமும் மறைக்கவில்லை. குழந்தை மாறிப்போன ரகசியத்தை நாலரை வருஷம் திரையில் சுமந்தவர், தன் வீட்டில் ரகசியமே வேண்டாம் என்று வைத்துக்கொண்டார். 2010-இல் மகன், 2016-இல் இளைய மகள்.

பிள்ளைகளின் பெயர், பள்ளிக்கூடம் எல்லாம் கேட்டு எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். அவை இந்தப் பக்கத்தில் வராது. அவர்கள் நடிக்க வந்தவர்கள் இல்லை.

வரி ஏய்ப்பு வழக்கு ஒன்று இருந்ததே, அது என்ன ஆயிற்று?

2002-ஆம் ஆண்டு வருமானத்தைக் குறைத்துக் காட்டியதாக வரித்துறை வழக்குப் போட்டது. பல வருஷம் இழுத்து, 2013 ஜனவரியில் வரி மேல்முறையீட்டு நீதிமன்றம் குற்றச்சாட்டிலிருந்து அவரை விடுவித்தது. வேண்டுமென்றே ஏமாற்றியதாக நிரூபிக்கப்படவில்லை என்றது. ஆனால் குறைவாகக் கட்டிய வரியைக் கட்டியாக வேண்டும் என்றும் சொன்னது.

அவருடைய தொழில் விவகாரங்களைச் சிறு வயது முதல் பார்த்துவந்தவர் மேலாளர் ஆல்ஃபி லொரென்சோ. சினிமாப் பத்தி எழுத்தாளரும்கூட, 2017-இல் காலமானார். வழக்கில் கணக்கு வழக்குகளைப் பிறர் கையில் விட்டிருந்ததுதான் பேச்சாக இருந்தது. எட்டு வயதில் சம்பாதிக்கத் தொடங்கும் பிள்ளைக்குக் காசோலையை யாரோ வாங்குவார்கள், ஒப்பந்தத்தை யாரோ படிப்பார்கள். இருபத்துநாலு வயதிலும் அந்தப் பழக்கம் தொடர்வது எளிது. அறக்கட்டளை நிதி பற்றிய சட்டத்தை மேலே அவ்வளவு விரிவாக எழுதியதற்கு இதுவும் காரணம்.

'ப்ளோனிங்' படத்தைச் சிலர் தலையில் தூக்கி வைக்கிறார்களே?

தகுதியான படம். 2008-இல் வந்தது, இயக்கம் டான்டே நிகோ கார்சியா. பலவான் மாகாணத்தின் குயோ தீவில் எடுத்தார்கள். வசனத்தில் குயோனோன், அதாவது அந்தத் தீவின் மொழி, ஒலிக்கும். மணிலாவின் பெரிய நட்சத்திரம் ஒருவர் தன் பெயரை வைத்து, கொஞ்சம் பேர் மட்டுமே பேசும் மொழி ஒலிக்கும் படம் எடுக்கத் துணை நின்றார். நடித்ததோடு தயாரிப்பிலும் பங்கெடுத்தார். அந்த ஆண்டு ஆஸ்கரின் வெளிநாட்டு மொழிப் பிரிவுக்கு பிலிப்பைன்ஸ் அனுப்பிய படம் இதுதான்.

கதை மெதுவாகப் போகும். தீவில் எல்லோருக்கும் வேண்டியவளான ப்ளோனிங், அவளையே சுற்றிவரும் ஒரு சிறுவன், வருஷங்கள் கழித்து அவளைத் தேடி வரும் ஒருவன். இங்கே ஜூடி ஆன் பெரும்பாலும் சும்மா இருப்பார். கேட்பார், பார்ப்பார், சிரிப்பார். தொடர்களில் ஒவ்வொரு காட்சியிலும் எதையாவது கொட்டியாக வேண்டிய கட்டாயத்தில் வளர்ந்தவர் இவ்வளவு அடங்கி நடித்திருப்பதைப் பார்க்க அவ்வளவு சந்தோஷமாக இருக்கும்.

சமையல் எப்படி வந்தது?

பொழுதுபோக்காக இல்லை, முறையாகப் படித்தே வந்தார். மணிலாவை ஒட்டிய சான் ஹுவான் நகரில் (கல்யாணம் நடந்த ஊர் இல்லை, இது வேறு) ஆசியச் சமையல் படிப்புக்கான ஒரு பள்ளியில் சேர்ந்து கற்றார். 'இசபெல்லா' தொடரில் சமையல்காரியாகவே நடித்தார். 'ஜூனியர் மாஸ்டர்செஃப்' நிகழ்ச்சியின் பிலிப்பைன்ஸ் பதிப்பைத் தொகுத்து வழங்கினார். 2015-இல் தன் பெயரில் சமையல் புத்தகமும், யூடியூபில் 'ஜூடி ஆன்ஸ் கிச்சன்' தொடரும் வந்தன.

பின்னால் கணவனும் மனைவியும் 'ஆங்ரிடோபோ' என்ற உணவகம் தொடங்கினார்கள். வீட்டில் இருவருக்கும் சண்டை நடந்த நாளில், கோபத்தோடு சமைத்த அடோபோதான் அந்தப் பெயருக்குக் காரணம் என்பார்கள். அடோபோ என்பது அந்த நாட்டு வீடுகளின் அன்றாடக் குழம்பு. பன்றியோ கோழியோ, வினிகர், சோயா சாஸ், தோலோடு நசுக்கிய பூண்டு, பிரிஞ்சி இலை, முழு மிளகு. எல்லாவற்றையும் ஒன்றாக அடுப்பில் ஏற்றி, வினிகர் காரநெடி அடங்கும் வரை மூடியைத் திறந்து கிளறாமல் விட வேண்டும். அவசரப்பட்டுக் கிளறினால் புளிப்பு பச்சையாக நிற்கும் என்று அங்கே வீட்டுக்கு வீடு சொல்வார்கள். சாறு வற்றி எண்ணெய் பிரியும்போது கறியின் ஓரங்கள் கருஞ்சிவப்பாக மின்னும், சூடான சோற்றின் மேல் அப்படியே ஊற்றிக்கொள்வார்கள்.

வீடியோக்களில் அவர் அலங்காரம் குறைவாக, வாய் ஓயாமல் பேசிக்கொண்டு, ருசி பார்த்துக் கண்ணை மூடிக்கொண்டு சமைப்பார். மாராவை அறியாத இளையவர்கள் பலருக்கு அவர் முதலில் அறிமுகமானதே இப்படித்தான்.

நடுவில் தொடர்களில் காணவில்லையே, ஏன்?

2013-இல் 'ஹுவாக் கா லாங் மவாவலா' தொடரில், கணவன் கொடுமைக்கு ஆளாகும் பெண்ணாக வந்தார். அதன்பின் நெடுந்தொடர் என்றால் 2019 அக்டோபரில் தொடங்கிய 'ஸ்டார்லா'தான். கிட்டத்தட்ட ஆறு வருஷ இடைவெளி. இடையில் இளைய மகள் பிறந்தாள், சமையல், உணவகம், தொகுப்பாளர் வேலை. தினத்தொடர் என்பது வீட்டுக்கு இரவில்தான் வர முடிகிற வேலை. தன் குழந்தைப் பருவத்தையே அந்த வேலைக்குக் கொடுத்தவர், பிள்ளைகளின் குழந்தைப் பருவத்தையும் கொடுக்க மறுத்ததாகவே நான் இதைப் பார்க்கிறேன்.

'மிண்டனாவ்' படத்தில் அப்படி என்ன?

பிரிலாந்தே மென்டோசா இயக்கி 2019-இல் வந்தது. சைமா என்ற முஸ்லிம் தாய், புற்றுநோய் வந்த சின்ன மகளைத் தூக்கிக்கொண்டு தாவாவ் நகரில் சிகிச்சைக்கு வந்து, நோயாளிக் குழந்தைகளின் குடும்பங்கள் தங்கும் இல்லத்தில் இருக்கிறாள். கணவன் ராணுவத்தில் மருத்துவ உதவியாளன், நாட்டின் தெற்கே உள்ள மிண்டனாவ் தீவில் கிளர்ச்சியாளர்களோடு நடக்கும் சண்டையில் இருக்கிறான். இரண்டு சண்டைக்கும் நடுவே, அரசகுமாரர்கள் அசுரப் பாம்பை எதிர்க்கும் அந்த மண்ணின் பழங்கதை சித்திரமாக வந்து போகிறது. மகளுக்குத் தாய் சொல்லும் கதை அது.

நோயுற்ற குழந்தை, துயரப்படும் தாய் என்றால் தொடர் நடிகைக்கு அல்வா சாப்பிடுவது மாதிரி என்று தோன்றும். அங்கேதான் ஜூடி ஆன் கைப்பிடியை இறுக்குகிறார். மகள் பார்க்கும்போது சைமா அழமாட்டாள். பதினான்கு வயதில் அழுகையை அடக்கப் பார்த்து உடைந்து பெயர் வாங்கியவர், நாற்பத்தொரு வயதில் உடையாமல் அடக்கிக்கொண்டு நடிக்கிறார். நம் கண்தான் நிறைகிறது.

கெய்ரோ சர்வதேசத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது கிடைத்தது. பிலிப்பைன்ஸ் சினிமாவின் பெரும் நடிகை நோரா அவுனோர் 1995-இல் வாங்கிய அதே விருது. பிலிப்பைன்ஸ் நடிகைக்கு இதைவிடப் பெரிய வரிசை இல்லை. அந்த டிசம்பரில் மணிலா விழாவிலும் சிறந்த நடிகை, சிறந்த படம். சிறந்த நடிகர் விருதை கணவனாக நடித்த ஆலன் டிசோன் பெற்றார்.

அதற்குப் பிறகு?

2020 மே மாதம் ஏபிஎஸ்-சிபிஎன் ஒளிபரப்பு உரிமம் முடிந்து அலைவரிசை நிறுத்தப்பட்டது, புது உரிமமும் நாடாளுமன்றத்தில் மறுக்கப்பட்டது. அவர் வளர்ந்த வீடு என்றே சொல்ல வேண்டிய நிறுவனம். பெருந்தொற்றும் சேர்ந்துகொண்டது. சமையலறை வீடியோக்கள் அப்போது கை கொடுத்தன. 2024-இல் சிட்டோ ரோனியோ இயக்கிய 'எஸ்பன்டாஹோ' என்ற பேய்ப் படத்தில் திரும்பி வந்தார். அப்பா இறந்த வீடு, ஒன்பது நாள் ஜெபம், அதன் நடுவே வந்து இறங்கும் அந்த அப்பாவின் இன்னொரு குடும்பம். அம்மாவாக லோர்னா டொலென்டினோ. ஐம்பதாவது மணிலா விழாவில் மறுபடி சிறந்த நடிகை.

அந்த விழா கிறிஸ்துமஸ் அன்று தொடங்கும். அந்த நாட்களில் திரையரங்குகளில் உள்நாட்டுப் படங்கள் மட்டுமே ஓடும். குடும்பம் குடும்பமாக ஜனங்கள் வரும் நேரம்.

இவருக்கு முன்பும் பின்பும் இப்படி வளர்ந்தவர்கள் உண்டா?

உண்டு. முன்னோடி வில்மா சாண்டோஸ், உறவினர் இல்லை. 1963-இல் 'ட்ரூடிஸ் லீட்' படத்தில் சிறுமியாக அழவைத்தவர், பிறகு முதல் வரிசை நாயகி, அதற்கும் பிறகு பாத்தாங்கஸ் மாகாண ஆளுநர். பின்னால் வந்தவர்களில் கேத்ரின் பெர்னார்டோ. 2010-இல் 'மாரா கிளாரா'வை மறுபடி எடுத்தபோது அவர் மாரா, ஜூலியா மொன்டெஸ் கிளாரா. இருவரும் 'கோயிங் புலிலிட்' என்ற சிறுவர் நகைச்சுவை நிகழ்ச்சியில் இருந்தவர்கள். 2024-இல் வந்த 'ஹலோ, லவ், அகெய்ன்' கேத்ரினை வசூலின் உச்சிக்குக் கொண்டுபோனது. மாரா வேஷம் இரண்டு தலைமுறையில் இரண்டு நாயகிகளைக் கொடுத்திருக்கிறது.

எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

முதலில் 'கசல், கசாலி, கசாலோ'. மொழி தெரியாவிட்டாலும் சம்பந்தி சண்டை புரியும். அடுத்து 'மிண்டனாவ்'. அப்புறம் பொறுமை இருக்கும் ஒரு மாலையில் 'ப்ளோனிங்'. பழைய 'மாரா கிளாரா'வை முழுதாகப் பார்ப்பது பெரிய வேலை. டைரி வரும் பகுதிகளையும் கிளாடிஸோடு மோதும் காட்சிகளையும் தேடிப் பார்த்தாலே போதும். 'மிண்டனாவ்' பார்த்த பிறகு அவற்றைப் பாருங்கள், முன்னால் வேண்டாம். அந்தச் சிறுமியின் முகத்தில் சைமா எங்கே இருக்கிறாள் என்று அப்போது தெரியும்.